வீட்டுக் கடனின் மெய்யான விலை

வீட்டுக் கடன் கேட்டு வங்கிக்குச் செல்கிறவர்களில் பெரும்பாலோர், அதிகாரியின் எதிரே அமர்ந்ததும் கேட்கிற முதற் கேள்வி, "மாதம் எவ்வளவு கட்ட வேண்டி வரும், சார்?" என்பதே. கேள்வியில் குற்றமில்லை, மாதச் சம்பளத்தில் குடும்பம் நடத்துகிறவர், பள்ளிக் கட்டணம், மளிகை, மருத்துவச் செலவு ஆகியவை போகக் கையில் எஞ்சுவது எவ்வளவு என்பதை அறிந்துகொண்டுதான் எந்தப் பொறுப்பையும் ஏற்க முடியும். ஆனால் அந்த ஒரு கேள்விக்குப் பதில் கிடைத்தவுடனே திருப்தியடைந்து, வேறொன்றும் விசாரிக்காமல், பென்சிலால் குறியிட்டுக் காட்டிய இடங்களிலெல்லாம் கையெழுத்திட்டுவிட்டு எழுந்து வந்துவிடுவதில்தான் அபாயம் இருக்கிறது. ஏனெனில், மாதத் தவணை எவ்வளவு என்று அறிந்தவர் கடனின் விலையை அறிந்தவராகிவிட மாட்டார். வீட்டுக்கு ஒரு விலை உண்டு. அந்த விலையைக் கொடுத்துத் தீர்க்க நாம் எடுத்துக்கொள்ளும் காலத்துக்கும் ஒரு விலை உண்டு. இந்த இரண்டாவது விலை, வாங்கிய கடனைவிடப் பெரிதாகிவிடுவதும் உண்டு.

மத்தியதர வகுப்பினர் வாலிபத்திலேயே கடன் வாங்கி வீடு வாங்கும் வழக்கம் நம் தேசத்தில் மிகப் பழையதன்று. உத்தியோகத்திலிருந்து ஓய்வு பெற்று, பிராவிடண்ட் பண்டுத் தொகை கைக்கு வந்த பிறகு, அதைக் கொண்டு ஒரு மனை வாங்கி வீடு எழுப்புவதே முன்னோர் வழி. 1872இல் தொடங்கிய மயிலாப்பூர் இந்து பர்மனெண்ட் பண்டு போன்ற நிதி ஸ்தாபனங்கள் தங்கள் அங்கத்தினருக்குக் கடன் கொடுத்து வந்தன என்றாலும், வீடு வாங்குவதற்கென்றே நீண்ட காலக் கடன் கொடுக்கும் தனி ஸ்தாபனம் பெரிய அளவில் தோன்றியது 1977இல், ஹெச்.டி. பாரேக் என்பவர் ஹெச்.டி.எஃப்.சி. நிறுவனத்தை ஸ்தாபித்தபோதுதான். முப்பது வயதில் சொந்த வீட்டில் குடியேறும் பாக்கியத்தை இந்த மாறுதல் லட்சக்கணக்கான குடும்பங்களுக்குத் தந்தது. அது பெரிய நன்மை என்பதில் சந்தேகமில்லை. அந்த நன்மைக்கு நாம் கொடுக்கும் விலை இன்னதென்று தெரிந்து கொடுக்க வேண்டும் என்பதே இந்தக் கட்டுரையின் நோக்கம்.

ஓர் உதாரணத்தை எடுத்துக்கொண்டு, கணக்கை விடாமல் பின்தொடர்வோம். 40 லட்ச ரூபாய் பெறுமானமுள்ள வீடு. அதில் 10 லட்சத்தை வாங்குபவர் தம் சேமிப்பிலிருந்து போடுகிறார். மீதி 30 லட்சத்தை ஆண்டுக்கு 9 சதவீத வட்டியில், 20 ஆண்டுத் தவணையில் வங்கி தருகிறது. அவர் மாதந்தோறும் கட்ட வேண்டிய தவணை, அதாவது எல்லாரும் ஈ.எம்.ஐ. என்று சொல்லும் தொகை, 26,992 ரூபாய். இதை 240 மாதங்கள் கட்டி முடிக்கும்போது அவர் கையைவிட்டுப் போயிருப்பது ஏறக்குறைய 64,78,000 ரூபாய். வாங்கியது 30 லட்சம். வட்டியாகக் கொடுத்தது 34,78,000. வட்டி அசலை மிஞ்சிவிட்டது.

வங்கி கொடுக்கும் தவணை அட்டவணை என்ற காகிதத்தை, கடன் வாங்கியவர்களில் பலர் ஒரு முறைகூடப் பிரித்துப் பார்ப்பதில்லை. அதன் முதல் வரியைப் பார்த்தால் போதும். முதல் மாதம் கட்டிய 26,992 ரூபாயில் 22,500 வட்டிக்குப் போயிருக்கும். அசலில் கழிந்தது 4,492 மட்டுமே. இரண்டாம் மாதம் வட்டி சுமார் 34 ரூபாய் குறையும். அசலுக்குச் செல்வது அதே அளவு கூடும். இப்படி அங்குலம் அங்குலமாகத்தான் கணக்கு நகர்கிறது. ஐந்து ஆண்டுகள் ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டியவர் 16 லட்சத்து 19 ஆயிரம் ரூபாய் செலுத்தியிருப்பார்; ஆனால் அவருடைய அசல் பாக்கி இன்னும் 26 லட்சத்து 61 ஆயிரம் இருக்கும். பத்து ஆண்டு முடிவில், காலத்தில் சரிபாதி கழிந்த பின்னரும், பாக்கி 21 லட்சத்து 30 ஆயிரத்துக்குக் குறைவதில்லை. கட்டுகிற தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு அதிகமாவதற்குப் பன்னிரண்டு ஆண்டுகளும் சில மாதங்களும் காத்திருக்க வேண்டும்.

இதைக் கண்டு வங்கி ஏதோ சூது செய்துவிட்டதாக எண்ணுகிறவர்கள் அநேகர். சூது ஏதுமில்லை, எந்த மாதமானாலும் அந்த மாதத்தில் மீதமிருக்கும் அசலுக்கு மட்டுமே வட்டி கணக்கிடப்படுகிறது. ஆரம்ப காலத்தில் அசல் முழுவதும் நம் தலைமேல் இருப்பதால் வட்டி அதிகம். அசல் கரையக் கரைய வட்டி தானே சுருங்கும். இந்த எளிய விதியை நன்றாக மனத்தில் வாங்கிக்கொள்ள வேண்டும், ஏனென்றால் கடனின் சுமையைப் பெருக்குவதும் இதுவே, அதைக் குறைக்கும் உபாயத்தைக் கற்பிப்பதும் இதுவே.

முதலில் பெருக்குவதைப் பார்ப்போம். மாதத் தவணை கொஞ்சம் குறைந்தால் சௌகரியமாக இருக்குமே என்று எண்ணி, அதே 30 லட்சத்தை 30 ஆண்டுக்கு வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். தவணை 24,139 ரூபாயாகக் குறையும். மாதத்துக்கு மிச்சம் 2,853 ரூபாய். அந்தச் சிறு சௌகரியத்துக்காக அவர் மொத்தத்தில் கொடுக்கும் வட்டி 34,78,000 ரூபாயிலிருந்து ஏறக்குறைய 56,90,000 ரூபாயாக உயர்ந்துவிடும். இதற்கு மாறாக, கையைச் சற்றுக் கட்டிக்கொண்டு 15 ஆண்டுத் தவணையை ஏற்றிருந்தால், மாதம் 30,428 ரூபாய், அதாவது 3,436 ரூபாய் மட்டும் அதிகமாகக் கட்டி, மொத்த வட்டியை 24,77,000 ரூபாயோடு முடித்திருக்கலாம். 15 ஆண்டுக்கும் 30 ஆண்டுக்கும் மாதத் தவணையில் உள்ள வித்தியாசம் 6,289 ரூபாய். வட்டியில் உள்ள வித்தியாசம் 32 லட்சத்துக்கு மேல். மற்றொரு வீட்டின் கடனையே அடைத்துவிடக்கூடிய அந்தத் தொகை, காலத்தை நீட்டியதற்காக மட்டுமே கொடுக்கப்படுகிறது.

இவ்வளவும் வட்டி விகிதம் மாறாதிருக்கும் என்ற அனுமானத்தின் மேல் போட்ட கணக்கு. உண்மையில் நம் நாட்டில் வீட்டுக் கடன்களில் மிகப் பெரும்பாலானவை மாறும் வட்டியில் அளிக்கப்படுபவை. 2019ஆம் ஆண்டு அக்டோபர் 1 முதல், வங்கிகள் புதிதாகத் தரும் இத்தகைய கடன்களின் வட்டியை ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் ரெப்போ விகிதம் போன்ற ஒரு வெளி அளவுகோலோடு பிணைத்து, மூன்று மாதத்துக்கு ஒரு முறையேனும் திருத்த வேண்டும் என்பது விதி. 2022 மே மாதத்துக்கும் 2023 பிப்ரவரிக்கும் இடையில் ரிசர்வ் வங்கி ரெப்போ விகிதத்தை 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமாக உயர்த்தியபோது, லட்சக்கணக்கான கடன்தாரர்களின் வட்டியும் உடன் உயர்ந்தது. ஆனால் அவர்களில் பலருக்கு அது உடனே உறைக்கவில்லை. மாதத் தவணை அப்படியேதான் இருந்தது, நீண்டது காலம்.

அந்த நீட்சி எத்தகையது என்பதை நம் உதாரணத்திலேயே காணலாம். ஆரம்பத்திலேயே வட்டி 9 சதவீதத்திலிருந்து 10 சதவீதமாக ஏறி, தவணை மட்டும் 26,992 ரூபாயாகவே நின்றால், 240 மாதத்தில் தீர வேண்டிய கடன் 314 மாதத்துக்கு நீளும். ஒரு சதவீத ஏற்றத்துக்கு ஆறு ஆண்டுகளுக்கு மேற்பட்ட உழைப்பு விலையாகிறது. வட்டி 10.8 சதவீதத்தை எட்டினால் முதல் மாத வட்டியே 27,000 ரூபாய். தவணை முழுவதும் வட்டிக்கே போதாமல், எத்தனை காலம் கட்டினாலும் கடன் வளருமேயன்றிக் குறையாது. நாற்பது வயதில் கடன் வாங்கியவருக்கு அறுபதில் தீர வேண்டியது, அவருக்குத் தெரியாமலே ஓய்வுக் காலத்துக்குள் புகுந்துவிடுவது இப்படித்தான்.

இந்த அநீதியை ஓரளவு தடுக்கும்பொருட்டு, 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது, தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன்தாரருக்கு இருக்க வேண்டும். இதுவரை வசூலான அசலும் வட்டியும் எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்பனவற்றைக் காலாண்டுதோறும் தெரிவிக்க வேண்டும். கட்டுகிற தவணை வட்டிக்கே போதாத நிலை உண்டாகுமாறு காலத்தை நீட்டக்கூடாது என்பவை அதன் சாரம். உரிமை ஏட்டில் வந்துவிட்டது. ஆனால் வாய் திறந்து கேட்கிறவருக்குத்தான் அது பயன்படும். கேளாதவருக்குக் காலத்தை நீட்டிக் கொடுப்பதே வழக்கமாக நடந்து வருகிறது. ஆகையால் வட்டி உயர்ந்த செய்தி கைபேசியில் வந்தவுடன், "தவணையை உயர்த்துங்கள், காலத்தை நீட்ட வேண்டாம்" என்று வங்கிக்கு எழுத்து மூலம் தெரிவித்துவிடுவது, இயன்றவர்கள் செய்ய வேண்டிய முதற் காரியம்.

வட்டியைத் தவிர வேறு செலவுகளும் உண்டு. அவை ஒவ்வொன்றும் தனியே பார்க்கும்போது சிறிதாகத் தோன்றும். பத்திரப் பதிவுக்குத் தமிழ்நாட்டில் முத்திரைத் தீர்வையும் பதிவுக் கட்டணமும் சேர்ந்து 9 சதவீதம். 40 லட்ச ரூபாய் வீட்டுக்கு 3,60,000 ரூபாய். இந்தத் தொகைக்கு வங்கி பொதுவாகக் கடன் தருவதில்லை. ரொக்கமாகவே புரட்ட வேண்டும். கடன் பரிசீலனைக் கட்டணமும் அதன் மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி.யும், வக்கீல் கருத்துரைக்கும் பொறியாளர் மதிப்பீட்டுக்குமான தொகைகளும், மூலப் பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததற்குப் பதிவு செய்யும் எம்.ஓ.டி. ஆவணத்தின் செலவும் அதோடு சேரும். கட்டி முடியாத அடுக்ககத்தில் வீடு வாங்கினால், கடன் முழுவதும் கொடுத்து முடியும் வரை வட்டியை மட்டும் கட்டிவரும் ஏற்பாடு ஒன்று உண்டு; அந்த மாதங்களில் கட்டுவதில் ஒரு ரூபாய்கூட அசலில் கழியாது. கட்டுமானம் தாமதமாகிக்கொண்டே போனால், ஒரு பக்கம் வாடகை, மறுபக்கம் வட்டி என்று இரட்டைச் சுமை விழும்.

இவற்றுள் கவனமாக நோக்க வேண்டியது, கடனோடு சேர்த்துக் கொடுக்கப்படும் ஆயுள் காப்பீடு. வீட்டுத் தலைவர் அகாலத்தில் இறந்தால் குடும்பம் வீட்டை இழக்காமல் காப்பது அவசியமே. அதற்காகக் காப்பீடு எடுப்பது புத்திசாலித்தனமும்கூட. ஆனால் ஒரே தவணையில் கட்ட வேண்டிய பிரீமியத்தைக் கடன் தொகையோடு சேர்த்துவிடும்போது, ஒரு லட்ச ரூபாய் பிரீமியம் 20 ஆண்டில் 2,16,000 ரூபாயாகிவிடுகிறது. கடன் வாங்குபவர் அந்த வங்கி காட்டும் பாலிசியைத்தான் எடுக்க வேண்டும் என்று கட்டாயப்படுத்தும் சட்டம் ஏதுமில்லை. தனியாக ஒரு டெர்ம் பாலிசி எடுத்தும் அதே பாதுகாப்பைப் பெறலாம். 2024 அக்டோபர் முதல், எல்லாக் கட்டணங்களையும் வட்டியோடு சேர்த்து ஒரே ஆண்டு விகிதமாகக் காட்டும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைக் கடன் கொடுப்பதற்கு முன்னரே வங்கிகள் தர வேண்டும் என்று ரிசர்வ் வங்கி ஆணையிட்டிருக்கிறது. இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது, விளம்பரத்தில் கண்ட வட்டியை விட்டுவிட்டு, இந்த அறிக்கையில் காணும் விகிதத்தையே ஒப்பிட வேண்டும்.

நியாயமாகப் பேசும்போது மறுபக்கத்தையும் சொல்லத்தான் வேண்டும். இருபது ஆண்டில் கட்டும் 64,78,000 ரூபாய் என்பது இன்றைய 64,78,000 ரூபாய்க்குச் சமமாகாது. விலைவாசி உயர உயர, பின்னால் கட்டும் ரூபாய் மதிப்பில் மெலிந்துவிடுகிறது. ரிசர்வ் வங்கி இலக்காகக் கொண்டிருக்கும் 4 சதவீத அளவிலேயே விலைவாசி உயர்ந்து வருமானால், அத்தனை தவணைகளின் இன்றைய மதிப்பு சுமார் 44 லட்சத்து 54 ஆயிரம் ரூபாய். ஆகவே 30 லட்சக் கடனுக்கு நாம் மெய்யாகத் தியாகம் செய்வது, இன்றைய பணத்தில், பதினான்கரை லட்சம் என்று கொள்ளலாம். அதோடு, கொடுத்திருக்க வேண்டிய வாடகை மிச்சமாகிறது. சம்பளமும் காலப்போக்கில் உயர்கிறது. பழைய வருமான வரி முறையில் இருப்பவர்க்கு, தாமே குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்ச ரூபாய் வரை வருமானத்தில் கழித்துக்கொள்ளும் சலுகையும் உண்டு. புதிய முறைக்கு மாறியவர்களுக்கு இந்தச் சலுகை இல்லை. ஆகவே "வரி மிச்சமாகுமே" என்ற பழைய யோசனையைக் கேட்டுக் கடன் காலத்தை நீட்டிக்கொண்டு போகிறவர்கள், தாங்கள் எந்த முறையில் வரி கட்டுகிறோம் என்று ஒரு முறை பார்த்துக்கொள்வது நலம். இவை எல்லாவற்றையும் கூட்டிக் கழித்துப் பார்த்தாலும், வீட்டுக் கடன் தவிர்க்க வேண்டிய தீமை என்று சொல்ல இடமில்லை. காலத்தை அளவோடு வைத்துக்கொள்ளத் தெரிந்தவருக்கு அது உதவி. தெரியாதவருக்கு அதுவே ஆயுட்காலச் சுமை.

சுமையைக் குறைக்கும் உபாயம், முன்னே சொன்ன அதே விதியிலிருந்து பிறக்கிறது. அசலுக்குத்தான் வட்டி என்றால், அசலை எவ்வளவு சீக்கிரம் குறைக்கிறோமோ அவ்வளவுக்கு வட்டி முளைப்பதற்கு இடமில்லாமல் போகும். நம் உதாரணக் கடனில், முதல் ஆண்டு முடிந்தவுடன் போனஸாகவோ, சீட்டுப் பணமாகவோ வந்த ஒரு லட்ச ரூபாயைத் தவணைக்கு மேற்பட்டு அசலில் கட்டிவிட்டு, மாதத் தவணையை மாற்றாமல் தொடர்ந்தால், கடைசியில் 19 தவணைகள் அற்றுப் போகும். அதாவது கட்டிய ஒரு லட்சம், பின்னாளில் கட்ட வேண்டிய 5,13,000 ரூபாயை இல்லாமற் செய்துவிடுகிறது. அதே ஒரு லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் ஆறு தவணைகள்கூட முழுதாகக் குறைவதில்லை. வட்டியில் மிச்சம் 54,000 ரூபாய் அளவே. தொகை ஒன்றுதான், காலம் வேறு. இளமையில் நட்ட தென்னை தரும் பலனை முதுமையில் நட்டது தராதது போல, முன்கூட்டிக் கட்டும் பணத்தின் முழுச் சக்தியும் கடனின் ஆரம்ப ஆண்டுகளிலேதான் இருக்கிறது.

பெருந்தொகை கைக்கு வராதவர்களுக்கும் வழி இருக்கிறது. ஆண்டு முடிவில் ஒரே ஒரு தவணையை அதிகமாகக் கட்டிவந்தால், 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 7 மாதத்தில் தீர்ந்துவிடும்; மிச்சமாகும் தொகை ஏறக்குறைய 6,95,000 ரூபாய். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு அபராதம் வசூலிக்கக்கூடாதென்று 2012ஆம் ஆண்டிலேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குத் தடை விதித்துவிட்டது. கட்டும்போது மட்டும் ஒரு ஜாக்கிரதை வேண்டும்: கட்டிய தொகையை அசலில் வரவு வைத்து, தவணையை அப்படியே நிறுத்தி, காலத்தைக் குறைக்கும்படி எழுதிக் கொடுத்து, புதிய அட்டவணையைக் கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டும். ஆனால் ஆறு மாதக் குடும்பச் செலவுக்கான கையிருப்பைத் தொட்டுக் கடனைக் கட்டுவது தவறு. அதிக வட்டியில் வேறு கடன் இருந்தால், நகைக் கடனோ கிரெடிட் கார்டு பாக்கியோ எதுவாயினும், அதை முதலில் தீர்ப்பதே முறை.

பழைய கடன்தாரர்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். புதிதாக வருகிறவர்களுக்குக் குறைந்த வட்டியும், பல ஆண்டுகளாக ஒழுங்காகக் கட்டிவருகிறவர்களுக்கு அதிக வட்டியும் ஒரே கிளையில் நடப்பதுண்டு. ஆண்டுக்கொரு முறை தம் வட்டி விகிதத்தையும், அதே வங்கி இன்று புதியவருக்குத் தரும் விகிதத்தையும் ஒப்பிட்டுப் பார்த்து, அரை சதவீத வித்தியாசம் இருந்தாலும் குறைத்துத் தரும்படி கேட்க வேண்டும். சிறு கட்டணம் பெற்றுக்கொண்டு பெரும்பாலும் குறைத்துவிடுவார்கள். மறுத்தால் வேறு வங்கிக்கு மாற்றலாம். மாற்றும் செலவு முழுவதையும் கழித்த பிறகு லாபம் நிற்கிறதா என்று பார்த்தே மாற்ற வேண்டும்.

கடைசித் தவணையோடு காரியம் முடிந்துவிட்டதாக எண்ணி இருந்துவிடுகிறவர்கள், வீட்டை விற்கும்போதோ பாகப்பிரிவினையின்போதோ சங்கடப்படுகிறார்கள். வங்கியிடமிருந்து பாக்கியில்லாச் சான்றும் மூலப் பத்திரங்களும் வாங்கியாக வேண்டும். கடன் தீர்ந்த 30 நாளுக்குள் அவற்றைத் திருப்பித் தராத வங்கி, தாமதம் தன்னுடையதாயின், நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டுமென்ற விதி 2023 டிசம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதோடு, எம்.ஓ.டி. ஆவணம் பதிவான சார்பதிவாளர் அலுவலகத்தில், கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் பதிவு செய்ய வேண்டும். அது பதிவாகும் வரை, வில்லங்கச் சான்றில் வங்கியின் பாத்தியதை அப்படியே நின்றுகொண்டிருக்கும்.

வீட்டுக் கடன் வாங்கப் போகிற ஒவ்வொருவரும், மாதத் தவணை எவ்வளவு என்று கேட்ட அதே மூச்சில், "மொத்தம் எவ்வளவு கட்டி முடிப்பேன்? வட்டி ஒரு சதவீதம் ஏறினால் எந்த ஆண்டில் தீரும்? அப்போது எனக்கு வயது என்ன?" என்று மூன்று கேள்விகளையும் சேர்த்துக் கேளுங்கள். பதிலை எழுத்தில் வாங்குங்கள். ஏற்கெனவே கடனில் இருப்பவர்கள், இன்றைக்கே உங்கள் கணக்கில் இன்னும் எத்தனை தவணை பாக்கி என்று எடுத்துப் பாருங்கள். கையெழுத்திட்ட நாளில் சொன்ன எண்ணில் கட்டியவை போக எஞ்ச வேண்டியதைவிட அது கூடுதலாயிருந்தால், வங்கிக்கு ஒரு கடிதம் எழுதுவதை நாளைக்கென்று தள்ளிப் போடாதீர்கள்.